‘பேக் ஸ்டாபர்ஸ்’: வாசகர் கேள்வி – பதில்

அமெரிக்கக் கறுப்பின மக்களின் ‘சோல்’ வகைப் பாட்டுக்குப் பேர்போன குழுவான ஓ’ஜேஸ் 1972 ஆகஸ்டில் வெளியிட்ட ஆல்பம் ‘பேக் ஸ்டாபர்ஸ்’. அதைப் பற்றியும், அந்த இசைத்தட்டை வீட்டில் ஒழுங்காகக் கேட்பது பற்றியும் வந்த கேள்விகளுக்கு இந்த இதழில் பதில்.

கேள்வி: பழைய படங்களில் ஓ’ஜேஸ் ஐந்து பேராக நிற்கிறார்கள். இந்த ஆல்பத்தில் மூன்று பேர்தான். மற்ற இருவர் என்ன ஆனார்கள்?

ஒஹையோ மாநிலம் கேன்டன் நகரத்தில், மெக்கின்லி உயர்நிலைப் பள்ளிப் பையன்கள் ஐந்து பேர் 1958-இல் சேர்ந்து பாட ஆரம்பித்தார்கள். எடி லெவர்ட், வால்டர் வில்லியம்ஸ், வில்லியம் பவல், பாபி மாஸி, பில் ஐல்ஸ். முதலில் டிரையம்ஃப்ஸ் என்று பெயர், பிறகு மாஸ்கட்ஸ். கிளீவ்லாந்து வானொலியில் செல்வாக்கோடு இருந்த அறிவிப்பாளர் எடி ஓ’ஜே இவர்களைக் கைதூக்கிவிட்டார். நன்றியாக அவர் பெயரையே குழுவுக்கு வைத்துக்கொண்டார்கள். ஐல்ஸ் அறுபதுகளின் நடுவில் விலகினார். மாஸி இந்த ஆல்பத்துக்குச் சற்று முன்னால் பாட்டுத் தயாரிப்புப் பக்கம் போனார். லெவர்ட், வில்லியம்ஸ், பவல் மூவரும் மிஞ்சினார்கள்.

இந்த ஆல்பத்துக்கு அது நல்லதாகவே முடிந்தது. ஐந்து பேர் சேர்ந்து பாடினால் குரல்கள் ஒரே திரளாகக் கேட்கும். மூன்று பேர் என்றால் யார் எப்போது பாடுகிறார் என்று காது பிரித்துப் பார்க்கிறது. லெவர்டின் குரல் கரகரப்பானது, தொண்டையின் அடியிலிருந்து வருவது. வில்லியம்ஸின் குரல் வழவழப்பானது. ஒருவர் முழங்கி நிறுத்திய இடத்தில் இன்னொருவர் இதமாக எடுத்துக்கொள்வதுதான் இந்தக் குழுவின் அடையாளம். அது முழுசாக வெளிப்பட்டது மூவரான பிறகுதான்.

கேள்வி: 1958-இல் தொடங்கியவர்கள் 1972 வரை பெரிய வெற்றியே காணவில்லை என்கிறார்களே, உண்மையா? திடீரென்று எது மாறியது?

சுத்தமாக ஒன்றுமில்லை என்று சொல்ல முடியாது. 1963-இல் ‘லோன்லி டிரிஃப்டர்’, 1967-இல் ‘ஐல் பி ஸ்வீட்டர் டுமாரோ’ என்று ஓரளவு பேசப்பட்ட பாட்டுகள் உண்டு. ஆனால் அமெரிக்கா முழுக்கத் தெரிந்த பெயராக அவர்கள் இல்லை. கம்பெனி மாறிக்கொண்டே இருந்தார்கள். தயாரிப்பாளர் மாறினார், வாத்தியக்காரர்கள் மாறினார்கள், ஒவ்வொரு தட்டும் வேறு மாதிரி ஒலித்தது.

ஃபிலடெல்ஃபியாவைச் சேர்ந்த கென்னி கேம்பிள், லியோன் ஹஃப் என்ற இருவர் எழுதித் தயாரிப்பவர்கள். அவர்கள் நடத்திய நெப்டியூன் என்ற சிறு கம்பெனிக்காக ஓ’ஜேஸ் 1969-இல் பாடினார்கள். அந்தத் தட்டுகளைக் கடைகளுக்குக் கொண்டுபோனது சிகாகோவின் செஸ் நிறுவனம். அந்த நிறுவனத்தைத் தொடங்கியவர்களில் ஒருவரான லியோனர்ட் செஸ் அதே ஆண்டு அக்டோபரில் இறந்தார். விநியோகம் தடுமாறியதில் நெப்டியூனும் மூடப்பட்டது. 1971-இல் கேம்பிளும் ஹஃபும் ஃபிலடெல்ஃபியா இன்டர்நேஷனல் ரெக்கார்ட்ஸ் என்ற புதிய கம்பெனியைத் தொடங்கினார்கள். இந்த முறை விநியோகம் சிபிஎஸ் என்ற பெரிய கம்பெனியின் கையில். நாட்டின் எந்த மூலைக் கடைக்கும் தட்டைக் கொண்டுபோய்ச் சேர்க்கும் பலம் அவர்களுக்கு இருந்தது.

விநியோகம் பாதி. மறுபாதி ஸ்டூடியோ. ஃபிலடெல்ஃபியாவில் நார்த் 12-ஆம் தெரு 212-ஆம் எண்ணில் ஜோ டார்சியா 1968-இல் தொடங்கிய சிக்மா சவுண்ட் ஸ்டூடியோவில், ஒரே வாத்தியக் கூட்டம் ஒவ்வொரு பாடகருக்கும் மாறாமல் வாசித்தது. டிரம்ஸில் எர்ல் யங், பேஸில் ரானி பேக்கர், கிட்டாரில் நார்மன் ஹாரிஸ், ரோலண்ட் சேம்பர்ஸ், பாபி ஈலை. உலோகக் கட்டைகளைத் தட்டி வாசிக்கும் வைபிரஃபோனில் வின்ஸ் மொன்டானா, கையால் தட்டும் கோங்கா மேளத்தில் லாரி வாஷிங்டன். எம்.எஃப்.எஸ்.பி. என்ற பெயரில் இவர்களே பின்னால் தனியாகவும் தட்டு வெளியிட்டார்கள். யங், பேக்கர், ஹாரிஸ் மூவரும் ஒருவர் அடுத்து என்ன செய்வார் என்று மற்றவருக்குச் சொல்லாமலே தெரிகிற அளவுக்குச் சேர்ந்து பழகியவர்கள். அப்படிப்பட்ட அடித்தளத்தின் மேல், பதினான்கு வருடம் மேடையில் தேய்ந்து கூர்மையான மூன்று குரல்கள் வந்து நின்றன. ஆல்பத்தின் வெற்றிக்கு வேறு மர்மம் தேட வேண்டியதில்லை. அதே 1972-இல் இதே கம்பெனியிலிருந்து பில்லி பாலின் ‘மீ அண்ட் மிஸஸ் ஜோன்ஸ்’ பில்போர்டு பத்திரிகையின் பாட்டுப் பட்டியலில் முதலிடம் பிடித்தது என்பதையும் சேர்த்துப் பாருங்கள். வெற்றி ஒரு குழுவோடு நிற்கவில்லை, அந்தக் கூடம் முழுவதற்கும் வந்தது.

கேள்வி: எண்ணிக்கையில் எவ்வளவு பெரிய வெற்றி?

ஆல்பம் பில்போர்டின் பொதுப் பட்டியலில் 10-ஆம் இடம், சோல் ஆல்பப் பட்டியலில் 3-ஆம் இடம். தலைப்புப் பாட்டு சோல் பட்டியலில் 1, பொதுப் பட்டியலில் 3. இதே ஆல்பத்தின் ‘லவ் டிரெயின்’ 1973 மார்ச் 24-ஆம் தேதிப் பட்டியலில் அமெரிக்கா முழுமைக்கும் முதல் பாட்டானது, சோல் பட்டியலிலும் முதலிடம். வியட்நாமிலிருந்து அமெரிக்கப் போர்ப்படையின் கடைசி வீரர்கள் திரும்பியது அதே மாதம் 29-ஆம் தேதி. ரஷ்யா, சீனா, எகிப்து, இஸ்ரேல் என்று எல்லோரையும் ஒரே ரயிலில் ஏறச் சொல்லும் பாட்டை அந்த மாதம் மக்கள் எப்படிக் கேட்டிருப்பார்கள் என்பதை இந்தத் தேதிகளே சொல்லும்.

கேள்வி: தலைப்புப் பாட்டைப் பலமுறை கேட்டுவிட்டேன். நன்றாக இருக்கிறது, ஆனால் ஏன் இவ்வளவு கொண்டாடுகிறார்கள் என்று பிடிபடவில்லை. எதைக் கவனிக்க வேண்டும்?

ஹெட்ஃபோனில், குரல் வருவதற்கு முந்தைய பகுதியை மட்டும் நாலைந்து தடவை போட்டுக் கேளுங்கள். பியானோவின் கீழ்க்கட்டைகளில் ஓர் உறுமல். அது அடங்குவதற்குள் தாளக் கூட்டம் உள்ளே வருகிறது. டிரம்ஸோடு கோங்காவும் சேர்வதால் லத்தீன் அமெரிக்க நடை கிடைக்கிறது. மேலே வயலின்களும் ஊதுகருவிகளும் ஒன்றுக்கொன்று பதில் சொல்கின்றன. இந்த அமைப்பைச் செய்தவர் தாம் பெல். இன்னும் யாரும் வாய் திறக்கவில்லை. ஆனாலும் ஏதோ நல்லதில்லாத சேதி வரப்போகிறது என்று கேட்பவருக்குத் தெரிந்துவிடுகிறது.

அடுத்தது, பாட்டு பல்லவியிலிருந்து தொடங்குவதைக் கவனியுங்கள். பொதுவாக நடந்ததை முதலில் சொல்லி, பல்லவிக்கு வந்து சேர்வார்கள். இங்கே மூவரும் சேர்ந்து தீர்ப்பை முதலிலேயே சொல்லிவிடுகிறார்கள்: முகத்தைப் பார்த்துச் சிரிப்பார்கள், உள்ளுக்குள் உன் இடத்தைப் பிடிக்கத்தான் பார்ப்பார்கள். அதற்குப் பிறகே தனிக்குரல் வந்து, வீட்டுக்கு வந்துபோகும் நண்பர்கள் மேல் எழுந்த சந்தேகத்தை விவரிக்கிறது. தீர்ப்பு முன்னால், விவரம் பின்னால். பயம் கூடுவது இந்த வரிசையால்தான்.

மூன்றாவது, பாட்டின் பேச்சு கசப்பு, வாத்தியங்களோ சொகுசு. வயலின்களை அடக்கி வாசித்திருந்தால் இது இன்னொரு புலம்பலாகப் போயிருக்கும். சிரித்த முகத்தோடு வரும் துரோகத்தைப் பற்றிய பாட்டுக்குச் சிரித்த முகம் கொண்ட இசையைக் கொடுத்தது பெரிய புத்திசாலித்தனம் என்பேன். எழுதியவர்கள் ஹஃபும், அப்போது இளைஞர்களான ஜீன் மெக்ஃபேடன், ஜான் வைட்ஹெட் இருவரும். இதே போன்ற ஒரு கருவை 1971-இல் டெட்ராய்டில் பிறந்த மோடவுன் கம்பெனியின் ‘ஸ்மைலிங் ஃபேசஸ் சம்டைம்ஸ்’ தொட்டிருந்தது. இரண்டையும் அடுத்தடுத்துக் கேட்டால் டெட்ராய்ட் கைப்பக்குவத்துக்கும் ஃபிலடெல்ஃபியா கைப்பக்குவத்துக்கும் உள்ள தூரம் விளங்கும்.

கேள்வி: எங்கள் வீட்டு ஸ்டூடியோவில் இந்த ஒலியைக் கொண்டுவர முயல்கிறோம். வயலின் சாம்பிள்களை எவ்வளவு அடுக்கினாலும் கூழாகிவிடுகிறது. எங்கே தவறு?

வரிசை தவறு, அளவும் தவறு. ஃபிலடெல்ஃபியாவில் முதலில் தாளக் கூட்டத்தை மட்டும் ஒரே அறையில் சேர்த்து வாசிக்கவைத்துப் பதிந்தார்கள்: டிரம்ஸ், பேஸ், கிட்டார்கள், பியானோ. அது தனியாகவே ஆடவைக்கும்படி இருக்க வேண்டும். பிறகு குரல். வயலினும் ஊதுகருவிகளும் அதற்கு மேல் தனி அமர்வில். நீங்கள் வயலினிலிருந்து தொடங்கினால் அடியில் இடமே மிஞ்சாது.

உங்கள் திட்டத்தில் இதைச் செய்து பாருங்கள். எல்லாவற்றையும் மூடிவிட்டு டிரம்ஸ், பேஸ், ஒரு கிட்டார் மட்டும் திறந்து வையுங்கள். கிக் (காலால் அடிக்கும் பெரிய டிரம்) அடியும் பேஸ் சுரமும் ஒரே நொடியில் விழுகின்றனவா என்று பாருங்கள். 20 மில்லி நொடி பிசகினாலே தாளம் தளர்ந்து தெரியும். அடுத்து, வயலின் டிராக்கில் ஏறத்தாழ 200 ஹெர்ட்ஸுக்குக் கீழே உள்ளதை வெட்டுங்கள். வயலினின் கீழ்க்கம்பியே 196 ஹெர்ட்ஸ்தான், அதற்குக் கீழே இருப்பது வெறும் அறை இரைச்சல். செல்லோ இருந்தால் அதைத் தனி டிராக்கில் வையுங்கள், அதில் இந்த வெட்டு வேண்டாம். கடைசியாக, குரல் பாடும்போது வயலின் பாடக்கூடாது. குரல் மூச்சு வாங்கும் இடைவெளியில்தான் வயலினுக்கு வேலை. இந்த ஆல்பத்தில் எந்தப் பாட்டை வேண்டுமானாலும் எடுத்துப் பாருங்கள், பெரும்பாலும் இந்த ஒழுங்கு இருக்கும். கூழ் ஆவதற்கு முக்கியக் காரணம், குரலும் வயலினும் ஒரே நேரத்தில் ஒரே உயரத்தில் மோதுவதுதான்.

டிரம்ஸுக்கு ஒரு குறிப்பு. எர்ல் யங்கின் புகழ்பெற்ற நடை, நான்கு எண்ணிக்கையிலும் கிக், 2-லும் 4-லும் ஸ்னேர் என்ற சிறு டிரம், இரண்டு எண்ணிக்கைகளுக்கு நடுவே ஹைஹேட் என்ற ஜோடித் தாளத்தட்டைத் திறந்து மூடும் ‘ட்ஸ்ஸ்’ ஒலி. அதன் முழு வடிவத்தை 1973-இல் ஹரால்ட் மெல்வின் அண்ட் தி ப்ளூ நோட்ஸ் பாடிய ‘தி லவ் ஐ லாஸ்ட்’ பாட்டில் கேட்கலாம். டிஸ்கோ காலம் முழுக்க ஓடிய தாளம் அது. ஹைஹேட்டை எல்லா அடியும் ஒரே பலத்தில் புரோகிராம் செய்தால் இயந்திரம் போலத்தான் வரும்.

கேள்வி: நாங்கள் மூன்று பேர் ‘லவ் டிரெயின்’ மேடையில் பாடப் போகிறோம். ஒத்திகையில் பல்லவி கனமாகவே வரவில்லை.

மூவரும் ஒரே சுரத்தில் பாடுகிறீர்கள் என்று நினைக்கிறேன். பல்லவியில் நடுக்குரல் மெட்டைப் பிடிக்கட்டும், ஒருவர் அதற்கு மேலே மூன்றாவது சுரம், இன்னொருவர் கீழே. முதல் நாள் சொற்களே வேண்டாம், ‘ஆ’ என்று மட்டும் பாடி மூன்று குரலும் பூட்டிக்கொள்ளும்வரை நிறுத்திப் பிடியுங்கள். பிறகு சொல்லைச் சேர்க்கும்போது உயிரொலிகள் மூவர் வாயிலும் ஒரே வடிவில் இருக்க வேண்டும். ஒருவர் வாயை அகலமாகவும் இன்னொருவர் குவித்தும் திறந்தால் சுருதி சரியாக இருந்தாலும் சேராது. சொல் முடியும் மெய்யெழுத்தை ஒருவர் மட்டும் உச்சரிக்கட்டும். மூவரும் உச்சரித்தால் மூன்று தனித்தனி ‘ட்’ விழும்.

வேகம் நிமிடத்துக்கு ஏறக்குறைய 120-லிருந்து 125 அடி. பதற்றத்தில் 135-க்கு ஓடிவிடுவது சாதாரணமாக நடக்கும், அப்போது நாடுகளின் பெயர்கள் நசுங்கிவிடும். பின்பாட்டு இருவரும் ஒரே மைக்கில் பாடினால் சுமார் 30 செ.மீ. தள்ளி நின்று, குரல் அளவைத் தாங்களே காதால் சமன் செய்யட்டும். முதன்மைக் குரலுக்குத் தனி மைக்.

எல்லோரும் மறப்பது முடிவு. தட்டில் பல்லவி திரும்பத் திரும்ப ஒலிக்க, அதன்மேல் முதன்மைக் குரல் விருப்பம்போல் முழங்கிக்கொண்டே ஒலி மெல்ல மறைகிறது. மேடையில் அப்படி மறைய முடியாது. பல்லவி எத்தனை முறை என்று எண்ணி வைத்து, கடைசித் தடவையில் டிரம்ஸ்காரரின் சைகையோடு ஒரே வெட்டாக நிறுத்துங்கள். முழக்கத்தை எழுதி மனப்பாடம் செய்ய வேண்டாம். தேவாலயத்தில் பாடி வளர்ந்த லெவர்ட் அந்த இடத்தில் பாடவில்லை, கூட்டத்தைக் கூப்பிடுகிறார். உங்கள் பாடகரும் எதிரே உட்கார்ந்திருப்பவர்களைப் பார்த்துக் கூப்பிடட்டும்.

கேள்வி: பழைய அமெரிக்கத் தட்டு ஒன்று கிடைத்தது. முதல் பாட்டுகள் துல்லியம். ஆனால் ‘லவ் டிரெயின்’ வரும்போது ‘ஸ’, ‘ஷ’ ஒலிகள் கிழிகின்றன. தட்டு கெட்டுவிட்டதா?

அவசரப்பட்டுத் தட்டை ஒதுக்காதீர்கள். ‘லவ் டிரெயின்’ இரண்டாம் பக்கத்தின் கடைசிப் பாட்டு, அதாவது லேபிளுக்குப் பக்கத்தில் இருக்கிறது. தட்டு எங்கேயும் நிமிடத்துக்கு 33⅓ சுற்றுதான். ஆனால் வெளி விளிம்பில் ஊசியின் அடியில் நொடிக்கு சுமார் 51 செ.மீ. பள்ளம் ஓடுகிறது, உள்ளே 6 செ.மீ. ஆரத்தில் 21 செ.மீ. மட்டுமே. அதே ‘ஸ’ ஒலியைப் பாதிக்கும் குறைவான நீளத்தில் நெருக்கி எழுதியிருக்கிறார்கள். ஊசியில் சிறு குறை இருந்தாலும் அங்கேதான் முதலில் தெரியும்.

இந்த வரிசையில் பாருங்கள். வேறொரு தட்டின் கடைசிப் பாட்டைப் போடுங்கள். அதுவும் கிழிந்தால் குறை பிளேயரில். ஊசியின் நுனியைப் பூதக்கண்ணாடியில் பார்த்துப் பஞ்சு, தூசி இருந்தால் பின்னாலிருந்து முன்னால் மட்டும் தூரிகையால் வருடுங்கள். ஊசி 500 முதல் 1000 மணி நேரம் ஓடியிருந்தால் மாற்றும் காலம். அழுத்தத்தைச் சின்னத் தராசில் அளந்து, கார்ட்ரிட்ஜ் (ஊசி பொருந்தியிருக்கும் பகுதி) செய்தவர் சொன்ன எல்லைக்குள் வையுங்கள். பெரும்பாலானவற்றுக்கு 1.5 முதல் 2.5 கிராம். குறைத்து வைத்தால் தட்டுக்கு நல்லது என்பது தவறான எண்ணம். அழுத்தம் குறைந்தால் ஊசி பள்ளத்தில் குதித்து இன்னும் சேதம் செய்யும். பிறகு அளவு அட்டையை வைத்துக் கார்ட்ரிட்ஜின் கோணத்தைச் சரிசெய்யுங்கள். ஒரு பக்க ஸ்பீக்கரில் மட்டும் கிழிந்தால் ஆன்டி-ஸ்கேட்டிங், அதாவது ஊசி உள்பக்கம் இழுபடுவதைச் சமன் செய்யும் அமைப்பின் அளவைப் பாருங்கள்.

மற்ற தட்டுகள் சுத்தமாக ஒலித்து இது மட்டும் கிழிந்தால், முந்தைய உரிமையாளரின் கனமான டோன்ஆர்ம் (ஊசியைத் தாங்கும் கை) பள்ளத்தைத் தேய்த்திருக்கிறது. அதற்கும் ஒரு வழி உண்டு. பழைய உருண்டை முனை ஊசி பள்ளத்தின் ஒரு மட்டத்தைத் தேய்த்திருக்கும். நுண்கோட்டு முனை கொண்ட ஊசி வேறு மட்டத்தைத் தொடும், அங்கே பள்ளம் பழுதில்லாமல் இருக்க வாய்ப்புண்டு. இந்த ஒரு பாட்டு மட்டும் நன்றாக வேண்டுமென்றால் 45 சுற்று சிங்கிள் (பக்கத்துக்கு ஒரு பாட்டு உள்ள சிறு தட்டு) தேடுங்கள். 7 அங்குலத் தட்டின் தொடக்கத்தில் பள்ளம் நொடிக்கு ஏறத்தாழ 40 செ.மீ. ஓடுகிறது. அந்தக் காலத்து அமெரிக்க சிங்கிள்களில் சில வினைலில் இல்லாமல் பாலிஸ்டைரீனில் அச்சானவை, தேய்ந்த ஊசிக்கு அவை தாங்காது.

கேள்வி: கழுவ என்ன கலவை?

வினைலுக்கு மூன்று பங்கு காய்ச்சி வடித்த நீர், ஒரு பங்கு ஐசோபுரொபைல் ஆல்கஹால், அரை லிட்டருக்கு இரண்டு சொட்டு வாசனையில்லாத பாத்திரம் கழுவும் திரவம். மென்மையான துணியால் பள்ளம் ஓடும் திசையிலேயே வட்டமாகத் துடைத்து, காய்ச்சி வடித்த நீரில் அலசி, நிழலில் நிமிர்த்தி உலர்த்துங்கள். குழாய்த் தண்ணீர் வேண்டாம், அதன் உப்பு பள்ளத்தில் படிந்து சடசடக்கும். லேபிள் நனையக்கூடாது. 78 சுற்று அரக்குத் தட்டிலும், மேலே சொன்ன பாலிஸ்டைரீன் சிங்கிளிலும் ஆல்கஹால் படவே கூடாது.

கேள்வி: அமெரிக்காவிலிருந்து வந்த பழைய டர்ன்டேபிளில் டிரான்ஸ்ஃபார்மர் போட்டு ஓட்டுகிறேன். லெவர்டின் குரல் பாதாளத்திலிருந்து வருவதுபோல் இழுக்கிறது.

டிரான்ஸ்ஃபார்மர் மின்னழுத்தத்தைத்தான் குறைக்கும், அலைவெண்ணை மாற்றாது. அங்கே 60 ஹெர்ட்ஸ், இந்தியாவிலும் இலங்கையிலும் 50 ஹெர்ட்ஸ். மின்னலையைப் பின்பற்றிச் சுழலும் மோட்டார் ஆறில் ஐந்து பங்கு வேகத்தில்தான் ஓடும். 33⅓ என்பது 27.8 ஆகிவிடும், சுருதி மூன்று அரைச்சுரத்துக்கும் மேல் இறங்கும். மோட்டார் முனையில் உள்ள சிறு சக்கரமான புல்லியை 50 ஹெர்ட்ஸுக்கானதாக மாற்றினால் சரியாகிவிடும். பல மாடல்களுக்கு அது தனியாகக் கிடைத்தது, லேத் பட்டறையில் கடைந்தும் வாங்கலாம், விட்டம் 1.2 மடங்கு இருக்க வேண்டும். நேர்மின் (டி.சி.) மோட்டார் கொண்ட பிளேயர்களில் இந்தப் பிரச்சினை வராது.

கேள்வி: ‘992 ஆர்க்யுமென்ட்ஸ்’ தொகுப்புத் தட்டில் சீக்கிரம் முடிந்துவிடுகிறது. ஆல்பத்தில் நீளமாக இருக்கிறதே?

ஆல்பத்தில் ஆறு நிமிடத்துக்குச் சற்று மேல். வானொலிக்காக வெட்டிய சிங்கிள் வடிவத்தைத் தொகுப்பில் சேர்த்திருப்பார்கள். வெட்டுப்பட்டது வாத்தியக் கூட்டம் தானாக ஓடும் பின்பாதி. கட்டாயம் ஆல்பத்தில் கேளுங்கள். ‘ஹூ ஆம் ஐ’ பாட்டையும் அப்படியே. ஐந்து நிமிடம் நிதானமாக எரியும் அந்தப் பாட்டைத் தொகுப்புகள் கண்டுகொள்வதில்லை. இந்தப் பத்துப் பாட்டில் குரலுக்காக மட்டும் ஒன்றைச் சொல்லச் சொன்னால் நான் அதைத்தான் சொல்வேன்.

கேள்வி: அடுத்து எந்த ஆல்பம்?

1973-இல் வந்த ‘ஷிப் அஹாய்’. ஆப்பிரிக்காவிலிருந்து அடிமைகளை ஏற்றிவந்த கப்பலைப் பற்றியது தலைப்புப் பாட்டு. ‘ஃபார் தி லவ் ஆஃப் மணி’யின் தொடக்கத்தில் வரும் பேஸ், ஆன்டனி ஜாக்சன் வாசித்தது. அதற்குப் பிறகு 1975-இன் ‘ஃபேமிலி ரீயூனியன்’. வில்லியம் பவல் புற்றுநோயால் மேடையை விட்டு விலகி 1977-இல் இறந்தார், அவர் இடத்துக்கு லிட்டில் ஆன்டனி அண்ட் தி இம்பீரியல்ஸ் குழுவிலிருந்து சாமி ஸ்ட்ரெய்ன் வந்தார். ‘பேக் ஸ்டாபர்ஸ்’ மூவரின் குரல்தான் வேண்டும் என்பவர்கள் ‘ஃபேமிலி ரீயூனியன்’ வரை வாங்கலாம்.